பதினாறு நாள் வாய்தா

கங்கைகொண்ட சோழபுரம்
12-2-81

அன்புள்ள அக்கா,

வந்தவர் செருப்பைக் கழற்றி, வாசற்படிக்கு வெளியே ஜோடியாக வைத்துவிட்டுத்தான் உள்ளே கால் வைத்தார். நான் முதலில் பார்த்தது அதைத்தான். இடது செருப்பின் வார் அறுந்து சணலால் கட்டியிருந்தது. செருப்பைக் கழற்றுகிறவர் நல்லதுக்குத்தான் வந்திருப்பார் என்று நினைத்துச் சொம்பில் தண்ணீர் கொண்டுபோய்க் கொடுத்தேன். அவர் குடித்தார். பிறகு பையிலிருந்து காகிதத்தை எடுத்தார்.

நலம் விசாரிக்காமலே எழுதிக்கொண்டு போகிறேன். நீயும் அத்தானும் உன் மாமியாரும் சுகந்தானே? இங்கே உடம்பைப் பொறுத்தவரை எல்லாரும் சுகம்.

அவர் கோர்ட் அமீனா. பெயர் சாமிக்கண்ணு. நம் வீட்டைக் காலி செய்து வேணுகோபாலிடம் ஒப்படைக்க உத்தரவு கொண்டு வந்திருந்தார். தாத்தா இந்த மனையை வாங்கியபோது பத்திரத்தைப் பதியாமல் விட்டதும், விற்றவரின் மகன் அதே மனையை வேணுகோபாலுக்குப் பதிந்து கொடுத்ததும் உனக்குத் தெரிந்த கதைதான். தீர்ப்பு ஆன பிறகு அப்பா திருச்சியில் அப்பீல் போட்டிருக்கிறார். அங்கிருந்து ஸ்டே வருவதற்குள் அமீனா வந்துவிட்டார்.

அப்பா முந்திரித் தோப்பிலிருந்து ஓடி வந்தார். நான் உள்ளே போய் அடுப்பு ஓரம் நின்றுகொண்டேன். அப்பா கையைக் கட்டிக்கொண்டு சொன்னது காதில் விழுந்தது.

“சார், பொண்ணு நேத்துத்தான் வயசுக்கு வந்து குந்தியிருக்கா. தீட்டு வூடு. பதினாறு நாளு பொறுத்துக்குங்க.”

அமீனா கீழே இருந்த சொம்பைப் பார்த்தார். பிறகு, “சரி, எழுதிக்கிறேன்” என்று காகிதத்தின் பின்பக்கம் எழுதினார். போகும்போது, “தண்ணி நல்லாருந்துதுங்க” என்றார். கொல்லையில் இருந்த அம்மா வந்து கொடுத்திருப்பாள் என்று அப்பா நினைத்துக்கொண்டார். நான் சொல்லவில்லை.

இதை யாரிடமும் காட்டாதே. அத்தானுக்கும் உன் மாமியாருக்கும் என் வணக்கம்.

உன் தங்கை,
குஞ்சம்மாள்


குரும்பலூர்
21-2-81

அன்புத் தங்கை குஞ்சம்மாளுக்கு அக்கா செல்வம்மாள் எழுதும் கார்டு. நாங்கள் இங்கு சுகம். அங்கு அப்பா, அம்மா, நீ சுகமா? அய்யம்பெருமாள் மாமா சொல்லியனுப்பிய நல்ல செய்தி கேட்டு எல்லாருக்கும் சந்தோஷம். என் மாமியார் வெல்லம் வாங்கி வந்து அக்கம்பக்கத்துக்குக் கொடுத்தார்கள். தண்ணீர் ஊற்றும் நாளைத் தெரியப்படுத்தவும். நான் வருவதற்கில்லை. உடம்பைப் பார்த்துக்கொள். மற்றவை பின்பு.

செல்வம்மாள்


கங்கைகொண்ட சோழபுரம்
3-3-81

அன்புள்ள அக்கா,

கார்டு கிடைத்தது. உன் உடம்பு எப்படி இருக்கிறது? அம்மாவுக்கு மட்டும் கொஞ்சம் சளி.

கார்டில் அப்படித்தான் எழுத முடியும் என்று எனக்குத் தெரியும். தபால்காரர் முதல் உன் மாமியார் வரை படிப்பார்கள். ஆனாலும் வெல்லம் கொடுத்தார்கள் என்று படித்ததும் எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. ஒன்றுமே நடக்கவில்லை, அக்கா. முதல் கடிதத்திலேயே நீ புரிந்துகொண்டிருப்பாய். இருந்தாலும் ஒரு தடவை எழுதிவிடுகிறேன். ஒன்றுமே நடக்கவில்லை.

அன்றைக்கு ஒரு வார்த்தையோடு போய்விடும் என்றுதான் அப்பா நினைத்தார். அமீனா போகிற வழியில் டீக்கடையில் சொல்லியிருக்கிறார். மூன்றாம் நாள் வரதராஜன்பேட்டையிலிருந்து அய்யம்பெருமாள் மாமா வண்டியில் பச்சை ஓலையும் சீர்த் தட்டுமாக வந்து இறங்கினார். வந்ததும் அம்மாவைப் பிடித்துக்கொண்டார். “ஏன் தங்கச்சி, தாய்மாமனுக்கு அமீனா சொல்லித்தான் தெரியணுமா?” அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். மாமா அதை அழுகை என்று எடுத்துக்கொண்டு, “சரி சரி, வுடு” என்று சொல்லிவிட்டு, சட்டையைக் கழற்றிப் போட்டுக் கொல்லையில் தன் கையாலேயே குடிசை கட்டினார். அவரிடம் பொய் என்று எப்படிச் சொல்வது?

அப்புறம் நான் உள்ளே போய் உட்கார வேண்டியதாயிற்று. தனித் தட்டு, தனி டம்ளர், குறுக்கே ஓர் உலக்கை. என்னோடு படிக்கிற கிருஷ்ணம்மாள் பள்ளிக்கூடம் விட்டு வந்து உலக்கைக்கு அந்தப் பக்கம் நின்றுகொண்டு, “எப்பிடிடி இருந்துச்சு?” என்று கேட்டாள். எனக்கே தெரியாததை அவளுக்கு எப்படிச் சொல்வேன். தலையை மட்டும் ஆட்டினேன். பொழுது சாயும்போது அம்மா சோறு கொண்டு வருவாள். தொடாமல் வைத்துவிட்டு, “வூட்டுக்காவத்தான். பொறுத்துக்க” என்பாள். யாரும் இல்லாத இடத்திலும் அவள் என்னைத் தொடவில்லை.

பதினாலாம் நாள் ஸ்டே கிடைத்துவிட்டது. அப்பா பஸ்ஸை விட்டு இறங்கி நேரே கொல்லைக்கு வந்தார். “வக்கீலால முடியாதத எம் பொண்ணு முடிச்சுட்டா. பதினாறு நாள் வாய்தா வாங்கிக் குடுத்துட்டா” என்று சிரித்தார். ரொம்ப நாளைக்குப் பிறகு அப்பா சிரித்தார். அதனால் நானும் சிரித்தேன்.

தனியாகக் கடிதம் எழுது. கார்டு வேண்டாம்.

குஞ்சம்மாள்


குரும்பலூர்
20-3-81

பிரியமுள்ள குஞ்சு,

சுகம், சுகம் அறிய ஆவல். மாமியார் சந்தைக்குப் போன நேரத்தில் எழுதுகிறேன். இதை நானே போய்த் தபால் பெட்டியில் போடுவேன்.

மாமா ஓலையோடு வந்து நின்றதைப் படித்துச் சிரித்தேன். கிருஷ்ணம்மாள் கேட்டதைப் படித்ததும் கடிதத்தை மடித்து வைத்துவிட்டேன். மறுநாள்தான் மீதியைப் படித்தேன்.

எனக்கு நாள் தள்ளிப் போயிருக்கிறது. ஐப்பசி என்கிறார்கள். அம்மாவிடம் சொல். அப்பாவிடமும் சொல். கோர்ட் விஷயம் இங்கே யாருக்கும் தெரியாது. “ஓட்டு வீடும் தோப்பும் உள்ள இடமாச்சேன்னுதான் பொண்ணு எடுத்தோம்” என்று மாமியார் அடிக்கடி சொல்வார்கள். தலைப்பிரசவத்துக்கு நான் அந்த வீட்டுக்குத்தானே வரவேண்டும். அதுவரை வீடு நிற்க வேண்டும் என்று வேண்டிக்கொள்.

நீ பள்ளிக்கூடம் போகிறாயா? அதைப் பற்றி ஒன்றும் எழுதவில்லையே. பரீட்சை வருகிறதே.

அக்கா


கங்கைகொண்ட சோழபுரம்
15-4-81

அன்புள்ள அக்கா,

நீயும் வயிற்றில் இருக்கிற பிள்ளையும் சுகமாக இருக்க வேண்டும். வாந்தி இருக்கிறதா? நார்த்தங்காய் ஊறுகாய் போட்டு அனுப்ப வேண்டும் என்று அம்மா சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

செய்தியைக் கேட்டதும் அம்மா மாரியம்மன் கோயிலுக்குப் போய்விட்டு வந்தாள். அப்பா விரலை மடக்கி மாதத்தை எண்ணினார். “ஐப்பசியா? அப்ப வூட்டுல புள்ளத்தாச்சி, அப்பறம் பச்சப்புள்ள. எந்த அமீனா உள்ள வருவான்? அது ஒரு ரெண்டு மாச வாய்தா” என்றார். சந்தோஷமாகத்தான் சொன்னார். நீ அதைத் தப்பாக எடுத்துக்கொள்ளாதே.

பள்ளிக்கூடத்துக்குப் போகவில்லை. நம் தெருவில் வயசுக்கு வந்த பிறகு யார் போகிறார்கள்? நான் அம்மாவிடம், “எனக்குத்தான் ஒன்னும் ஆவலயே” என்று கேட்டேன். “கோர்ட்டுக்கு ஒன்னு, ஊருக்கு ஒன்னா? குந்துனவ பையத் தூக்கிட்டு நடந்தா மொதல்ல மாமன் வந்து நிப்பான்” என்றாள். புத்தகங்களைக் கிருஷ்ணம்மாளிடம் கொடுத்துவிட்டேன். தமிழ்ப் புத்தகம் மட்டும் என்னிடம் இருக்கிறது. ஒன்பதாம் வகுப்பில் அது ஒன்றுதான் எனக்குப் பிடிக்கும்.

அத்தானுக்கு வணக்கம்.

குஞ்சம்மாள்


கங்கைகொண்ட சோழபுரம்
10-7-81

அன்புள்ள அக்கா,

சித்திரையில் போட்ட கடிதத்துக்கு இன்னும் பதில் இல்லை. உடம்பு சரியில்லையோ என்று பயமாக இருக்கிறது. கால் வீக்கம் இருந்தால் சொல். நாங்கள் மூன்று பேரும் சுகம்.

அப்பீல் தள்ளுபடியாகிவிட்டது. ஸ்டேயும் அதோடு போயிற்று. அமீனா எந்த நாளும் வரலாம். கதவு பூட்டியிருந்தால் அமீனா திரும்பிப் போகத்தான் வேண்டும், பூட்டை உடைக்கக் கோர்ட்டில் வேறு உத்தரவு வாங்க வேண்டும், அதற்கு ஒரு மாதமாவது ஆகும் என்று வக்கீல் குமாஸ்தா சொல்லியிருக்கிறார். அதனால் அப்பாவும் அம்மாவும் தோப்பு வேலைக்குப் போகும்போது வெளியே பூட்டிக்கொண்டு போகிறார்கள். சாமான் இருக்கிற வீட்டில் ஆளும் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் வேணுகோபால் கொல்லைப்பக்கம் புகுந்துவிடுவார் என்று என்னை உள்ளே விட்டுப் போகிறார்கள். கொல்லைக் கதவுக்கு உள்ளே தாழ்ப்பாள். யார் கூப்பிட்டாலும் குரல் கொடுக்கக் கூடாது. புகை தெரியும் என்று அடுப்பும் மூட்டுவதில்லை. காலையில் ஊற்றிய கஞ்சியே போதும்.

இரண்டு ஓடு விலகின இடத்தில் வெயில் விழுகிறது. அது அம்மி வரைக்கும் வந்தால் பன்னிரண்டு மணி. நெல் குதிர் வரைக்கும் போனால் அம்மா வந்துவிடுவாள். விலகின ஓட்டை அப்பா சரி செய்யவில்லை. ஓடு மாற்றுவது, சுவர் பூசுவது எதையும் செய்வதில்லை. “இருக்கப்போறமா இல்லியான்னு தெரியல, எதுக்கு” என்கிறார்.

ஒரே ஒரு ஆள் வருவார். தபால்காரர் இளையபெருமாள். நான் உள்ளே இருப்பது அவருக்கு எப்படித் தெரிந்ததோ. கதவுக்கு வெளியே நின்று, “வூட்டுல யாரும் இல்ல, இல்லியா? சரி, இல்லாதவங்களுக்கு இன்னிக்கி லெட்டர் இல்ல” என்று சொல்லிவிட்டுப் போவார். நான் பேசமாட்டேன். ஆனால் அவர் சைக்கிள் மணி கேட்டதும் கதவருகே போய் உட்கார்ந்துகொள்கிறேன். இந்தக் கடிதத்தைக் கதவுக்கு அடியில் அவரிடம்தான் தள்ளப் போகிறேன்.

ஒரு வரியாவது எழுது.

குஞ்சம்மாள்


குரும்பலூர்
1-8-81

பிரியமுள்ள குஞ்சு,

நான் சுகமாக இருக்கிறேன். கால் வீக்கம் கொஞ்சம்தான். நீ எப்படி இருக்கிறாய் என்று கேட்கவே கூச்சமாக இருக்கிறது.

எழுதாமல் இருந்தது உடம்பினால் அல்ல. அப்பா விரல் மடக்கி எண்ணியதைப் படித்த பிறகு எனக்கு எழுத ஓடவில்லை. நீ பதினாறு நாள், என் பிள்ளை இரண்டு மாதம். இனி என்ன எழுதினாலும் அதிலிருந்தும் ஒரு வாய்தா எடுப்பார்களோ என்று இருந்தது. அதற்கு உன்னைத் தண்டித்துவிட்டேன். நீதான் அங்கே தனியாக உட்கார்ந்திருக்கிறாய் என்று எனக்குத் தோன்றாமல் போயிற்று.

அத்தானிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். “நான் என்ன வூட்டையா கட்டிக்கிட்டேன்?” என்றார். மாமியார் இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள், “வெல்லம் வாங்கிக் குடுத்தேனே, அதையாச்சும் திருப்பித் தரச் சொல்லு ஒங்கப்பன” என்றார்கள். அதற்குப் பிறகு பழையபடி பேச ஆரம்பித்துவிட்டார்கள். பிரசவம் பெரம்பலூர் ஆஸ்பத்திரியில்தான். அம்மா வந்து பத்து நாள் இருந்தால் போதும். எனக்காக என்றால் அந்த வீடு வேண்டாம் என்று அப்பாவிடம் சொல். நான் சொன்னதாகவே சொல்.

அக்கா


கங்கைகொண்ட சோழபுரம்
22-8-81

அன்புள்ள அக்காவுக்குக் குஞ்சம்மாள். எல்லாரும் சுகம். உன் சுகம் அறிய ஆவல். கடிதம் கிடைத்தது. அப்பாவிடம் சொன்னேன். வெள்ளாடு இரண்டு குட்டி போட்டது. மழை இல்லை. அம்மா பக்கத்தில் உட்கார்ந்து சொல்லச் சொல்ல எழுதுகிறேன். பிள்ளைக்குப் பழம்புடவை துவைத்து வைத்திருக்கிறாள். வேறு விசேஷம் இல்லை.


குரும்பலூர்
5-9-81

குஞ்சு,

உன் கார்டில் ஒன்றுமே இல்லை. அம்மா சொல்லச் சொல்ல எழுதினாய் என்ற ஒரு வரியைத்தான் திரும்பத் திரும்பப் படித்தேன். அப்பா என்ன சொன்னார்? நீ யாரிடமாவது பேசுகிறாயா? பகலில் வாயைத் திறந்து ஏதாவது பாடமாவது படி. நான் சுகம். பிள்ளை நன்றாக உதைக்கிறது. உடனே பதில் போடு.

அக்கா


வரதராஜன்பேட்டை, மாமா வீடு
20-9-81

அன்புள்ள அக்கா,

இனிமேல் கடிதத்தை மாமா விலாசத்துக்குப் போடு. அப்பா, அம்மா, நான் மூன்று பேரும் சுகம். ஆடும் குட்டிகளும் இங்கேதான். நீ மாடிப்படி, மேடு பள்ளம் பார்த்து நட. அம்மா அடுத்த வாரம் உன்னிடம் வருவாள். நலம் விசாரிப்பதை முதலிலேயே முடித்துவிட்டேன். கடைசியில் எழுத முடியுமோ என்னவோ.

நீ சொன்னதை அப்பாவிடம் சொன்னேன். “அவ சொல்லுவா, பொழச்சுப் போனவ” என்றார். அவ்வளவுதான். மறுபடி திருச்சிக்கு அலைய ஆரம்பித்துவிட்டார். வியாழக்கிழமை அம்மாவையும் கையெழுத்துக்காகக் கூட்டிக்கொண்டு முதல் பஸ்ஸில் போனார். வழக்கம்போல் வெளியே பூட்டினார்கள்.

அவர்கள் போன கொஞ்ச நேரத்தில் எனக்குத் தெரிந்தது. அக்கா, இந்தத் தடவை உண்மை.

யாரிடம் சொல்வது என்று தெரியவில்லை. கதவருகே போய் உட்கார்ந்தேன். இளையபெருமாள் வந்தாலும் இதைச் சொல்ல முடியாது. சாமி மாடம் இருக்கிற அறையில் இப்படி இருக்கக் கூடாது என்பது மட்டும் நினைவுக்கு வந்தது. தட்டையும் டம்ளரையும் ஒரு கோணிப்பையையும் எடுத்துக்கொண்டேன். கொல்லைத் தாழ்ப்பாளை நீக்கிக்கொண்டு, மாமா குடிசை கட்டியிருந்த இடத்தில் போய் உட்கார்ந்தேன். ஓலையெல்லாம் எப்போதோ அடுப்புக்குப் போய்விட்டது. நான்கு குழி மட்டும் இருந்தது. மறுபடி மாமா பச்சை ஓலை வெட்டிக்கொண்டு வரப் போவதில்லை. ஒருத்திக்கு இரண்டு தடவை யார் கட்டுவார்கள்? அம்மா வருகிற வரைக்கும் நானாகவே ஒழுங்காக உட்கார்ந்திருப்போம் என்று நினைத்தேன்.

அப்போதுதான் அமீனா முன்பக்கம் பூட்டைப் பார்த்துவிட்டுக் கொல்லைப்பக்கமாகச் சுற்றி வந்தார். வேணுகோபால் சைக்கிளைப் பிடித்துக்கொண்டு ரோட்டிலேயே நின்றார். அமீனா வேலி ஓரத்தில் செருப்பைக் கழற்றினார். புது வார் போட்டிருந்தார்.

அப்பா எங்கே என்று கேட்டார். திருச்சிக்கு என்றேன். வெளியில் ஏன் உட்கார்ந்திருக்கிறாய் என்று கேட்டார். நான் கோணிப்பையின் ஓரத்தை இழுத்துவிட்டுக்கொண்டேன். திறந்திருந்த கதவைப் பார்த்தார். உள்ளே ஆள் இல்லை என்று அவருக்குத் தெரிந்துவிட்டது.

“வெயில்ல வந்தது தொண்ட காயுது. அன்னிக்கிக் குடுத்தியே பாப்பா, ஒரு சொம்புத் தண்ணி கொண்டா” என்றார்.

நான் எழுந்திருக்கவில்லை. தலையைக் குனிந்துகொண்டேன். அவர் என் தட்டைப் பார்த்தார். டம்ளரைப் பார்த்தார். கோணிப்பையைப் பார்த்தார். பத்தடி தள்ளிக் குந்தி உட்கார்ந்து, ரோட்டுக்குக் கேட்காதபடி மெதுவாகப் பேசினார்.

“அன்னிக்கிப் பொய்யின்னு தெரிஞ்சுதான் எழுதுனேன். எனக்கும் பொண்ணுங்க இருக்கு. இன்னிக்கி நெசம். தண்ணி கொண்டாராம குந்தியிருக்கியே, அதுலயே தெரியுது. வேணுகோபாலு சிரிப்பாரு, சிரிச்சுட்டுப் போறாரு. நீ இப்பிடியே இரு, நான் எழுதிக்கிட்டுப் போயிடறேன். பதினாறு நாளு கெடைக்கும். தண்ணி குடுத்தீன்னா மட்டும் நான் எந்திரிச்சு என் வேலையப் பாக்கணும்.”

பையிலிருந்து காகிதத்தை எடுத்துப் பின்பக்கம் திருப்பி முழங்காலில் வைத்துக்கொண்டார். பேனா மூடியைக் கழற்றினார்.

கொல்லைக் கதவு வழியாக வீடு முழுவதும் தெரிந்தது. அம்மி மேல் வெயில் விழுந்திருந்தது. அதற்கு அந்தப் பக்கம் பூட்டின கதவு. கதவுக்கு அடியில், கடிதம் தள்ளுகிற இடத்தில், ஒரு கோடு வெளிச்சம். அம்மா வந்து பூட்டைத் திறப்பாள். நாளைக்கு மறுபடி பூட்டுவாள்.

எப்படி நடந்தது என்று அப்பா கேட்டபோது, அமீனா கொல்லைப்பக்கமாக வந்துவிட்டார் என்று மட்டும் சொன்னேன். அம்மாவிடமும் அவ்வளவுதான். மீதியை உனக்கு மட்டும் எழுதுகிறேன்.

நான் எழுந்தேன். உள்ளே போய்ப் பானையில் தண்ணீர் மொண்டு, அதே சொம்பில் கொண்டுவந்து அவர் கையில் கொடுத்தேன்.